ஐந்து பல் உள்ளி

உள்ளியைப் பற்றி ஒரு கட்டுரை எழுதப் போகிறேன் என்று சொன்னதும் என் மனைவி சிரித்துவிட்டாள். "உள்ளி உரிச்சுத் தாங்கோ எண்டால் பரீட்சைத்தாள் திருத்த இருக்கு எண்டு ஓடுறவர், உள்ளியைப் பற்றி எழுதப் போறாராம்" என்று அடுப்படியிலிருந்து அவள் சொன்னது, எனக்குக் கேட்கவேண்டும் என்பதற்காகவே சொல்லப்பட்டது. குற்றச்சாட்டு உண்மையானதே. கல்லூரியிலே தமிழ் படிப்பிக்கும் நான் நாற்பது வயது கடக்கும்வரை உள்ளியைச் சோற்றுக் கோப்பையிலே மாத்திரம் சந்தித்தவன். அதன் குணம் யாது, எங்கே விளைகிறது, எப்படிப் பேணப்படுகிறது என்றெல்லாம் நான் சிந்தித்ததே இல்லை. சிந்திக்க வைத்தவர் என் தாயார். வைத்த விதந்தான் சற்றுக் கொடுமையானது.

சுருவிலில் உள்ள எங்கள் பழைய வீட்டிலே அம்மா இருக்கிறார். நாங்கள் நகரத்திலே வாடகை வீட்டில் இருக்கிறோம். சனிக்கிழமைகளில் பண்ணைப் பாலத்தைக் கடந்து, அல்லைப்பிட்டி, வேலணை வழியாக ஊருக்குப் போய் ஞாயிறு மாலை திரும்புவது என் வழக்கம். 2022 ஆம் ஆண்டு நாட்டிலே நேர்ந்த பொருளாதார நெருக்கடியை வாசகர் மறந்திருக்கமாட்டார்கள். எரிபொருளுக்கு வரிசை; எரிவாயுவுக்கு வரிசை; மருந்துக் கடைகளிலே "இல்லை" என்ற ஒரே பதில். அம்மாவுக்கு இரத்த அழுத்தம் உண்டு. அவர் வழக்கமாக எடுக்கும் மாத்திரைகளை நான் கடை கடையாக அலைந்து தேடிக் கொண்டுபோய்க் கொடுத்தேன். விலையையும் என் அலைச்சலையும் பார்த்த அவர், எவருக்கும் சொல்லாமல் ஒரு முடிவு செய்துகொண்டார். மாத்திரையை ஒன்றுவிட்டொருநாள் ஆக்கினார். பிறகு அதையும் விட்டார். அதற்குப் பதிலாகத் தினமும் காலையில் ஐந்து பல் பச்சை உள்ளியைத் தட்டித் தேனிலே குழைத்து விழுங்கத் தொடங்கினார். மிச்சம் பிடித்த மாத்திரைகளைச் சுவாமி அறையிலே ஒரு டப்பாவில் சேர்த்து வைத்திருந்தார், பிள்ளை அலையாமல் இருக்கட்டும் என்று.

ஆவணி மாதத்தில் ஒரு காலை, கிணற்றடியிலே வாளியுடன் சரிந்து விழுந்தார். வாயின் ஒரு பக்கம் கோணிவிட்டது. அயல் வீட்டார் இரவல் பெற்றோல் ஊற்றிய முச்சக்கரவண்டியிலே அவரை வைத்தியசாலைக்குக் கொண்டு சேர்த்தனர். தெய்வச் செயலாகப் பெரிய கேடு நேரவில்லை. ஒரு மாதத்திலே பேச்சுத் தெளிந்தது, கையும் பிடிக்கு வந்தது. ஆனால் அன்று மாலை கட்டிலின் அருகே நின்ற இளம் வைத்தியர், "அம்மா ஏதாவது நாட்டு மருந்து எடுத்தவவோ?" என்று கேட்டபோதுதான் எனக்கு டப்பாவின் கதை தெரியவந்தது.

எனக்குக் கோபம் வந்தது. அந்தக் கோபத்தை உள்ளியின்மேல் காட்டுவது சுலபம். அம்மாவின் நம்பிக்கைக்குக் காரணம் இருந்தது. அதனை அறிந்தவன் நான். ஆகவே அதனை முதலிற் சொல்லவேண்டும்.

எங்கள் தீவுப்பகுதியார் பலர் கடை வைத்துப் பிழைத்தவர்கள். கொழும்பிலும், தென்னிலங்கைப் பட்டினங்களிலும், மலைநாட்டிலும் அவர்களுடைய பலசரக்குக் கடைகள் இருந்தன. என் பாட்டனாருடைய கடை மலைநாட்டிலே இருந்தது. தைப்பொங்கலுக்கு அவர் ஊருக்கு வரும்போது வெலிமடைப் பக்கத்துத் தோட்டங்களில் விளைந்த உள்ளியைத் தாளோடு பின்னிச் சடையாகக் கொண்டுவருவாராம். அந்தச் சடை அடுப்படி வளையிலே தொங்கும். தேவைக்கு ஒவ்வொன்றாகத் திருகி எடுப்பார் ஆச்சி. 1983 ஆம் ஆண்டு ஆடி மாதத்தில் கடை எரிந்தது. அதன்பின் சடை வரவில்லை.

1990 ஆம் ஆண்டு யுத்தம் தீவுகளைச் சூழ்ந்தபோது எனக்குப் பத்து வயது. என் கடைசித் தங்கை பிறந்து பன்னிரண்டு நாள். துடக்குக்கூடக் கழியவில்லை. எல்லாரும் எதையெதையோ கட்டினார்கள். ஆச்சி எடுத்தது ஒரு பனையோலைப் பெட்டி மாத்திரம். அதற்குள்ளே மல்லி, மிளகு, நற்சீரகம், வேர்க்கொம்பு, மஞ்சள், ஒரு துணி முடிச்சில் உள்ளி. பிள்ளை பெற்றவளுக்குரிய பத்தியச் சரக்கு. கடல்நீரேரியைக் கடந்து குடாநாட்டுப் பாடசாலை ஒன்றின் வகுப்பறையிலே தங்கினோம். அம்மி இல்லை. ஆச்சி ஒரு கருங்கல்லைக் கழுவி, இன்னொரு கல்லால் அந்தச் சரக்கைத் தட்டி அரைத்து, கிடைத்த சிறு மீனிலே பத்தியக் கறி வைத்துக் கொடுத்தார். உள்ளிப் பல்லை எண்ணி எடுப்பார். ஒரு நாளைக்கு ஐந்து. "ஐஞ்சு பல்லு. கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம்" என்று அவர் சொன்னது இன்னும் என் காதில் இருக்கிறது. அம்மாவுக்குக் காய்ச்சல் வராமல், பால் வற்றாமல், தங்கை பிழைத்தாள். "அந்த உள்ளிதான் எங்கள் ரண்டு பேரையும் காப்பாத்தினது" என்பது அம்மாவின் தீர்ப்பு. முப்பத்திரண்டு வருடம் கழித்து மாத்திரை கிடைக்காத காலத்தில் அவர் எண்ணி எடுத்ததும் அதே ஐந்து பல்தான்.

அந்தப் பத்தியத்தில் உள்ளி செய்தது என்ன என்பதை நான் பிறகு தேடிப் படித்தேன். அமெரிக்காவிலே பிலடெல்பியா நகரத்தில் ஜூலி மெனெல்லா, கேரி போசம்ப் என்ற இருவர் 1991 ஆம் ஆண்டு ஓர் ஆராய்ச்சியை வெளியிட்டனர். தாய்மார் உள்ளி உட்கொண்டால் ஏறக்குறைய இரண்டு மணித்தியாலத்தில் தாய்ப்பாலிலே அதன் மணம் மிகுவதையும், அப்போது குழந்தைகள் கூடுதலான நேரம் முலையிலே வாய் வைத்திருப்பதையும் அவர்கள் கண்டனர். பால் பெருகிற்று என்று அவர்கள் சொல்லவில்லை. ஆயினும் ஆச்சியின் பெட்டி வெறும் மூடநம்பிக்கை அன்று என்று அறிந்தபோது எனக்கு ஒரு மகிழ்ச்சி. பசித்த வயிற்றுக்குச் சூடான கறியும், பிள்ளைக்குப் பிடித்த மணமும், பக்கத்தில் ஒரு தாயின் கையும் இருந்தன. இவற்றிலே எது காப்பாற்றியது என்று பிரித்துச் சொல்ல நான் யார்?

வைத்தியர் மிகவும் பொறுமையுடையவர். அம்மாவைக் கடிந்துகொள்ளவில்லை. உள்ளி இரத்த அழுத்தத்தைச் சிறிதளவு குறைக்கக்கூடும் என்பதைப் பல பரிசோதனைகள் காட்டியிருக்கின்றன என்றார். ஆனால் அது மாத்திரையின் வேலையைச் செய்யாது, அளவும் நிச்சயமில்லை. மேலும், இனிமேல் இரத்தம் உறையாமல் இருக்க மருந்து எடுக்கவேண்டியவர் நாளாந்தம் பச்சை உள்ளியை மருந்துபோல் விழுங்கினால், இரண்டும் சேர்ந்து இரத்தப்போக்கு உண்டாகும் அபாயம் கூடும் என்று விளக்கினார். சத்திரசிகிச்சைக்குச் செல்பவர்கள்கூட முன்கூட்டியே பச்சை உள்ளியை நிறுத்திவிட வேண்டுமாம். "கறியிலை போடுங்கோ அம்மா, ரசத்திலை போடுங்கோ. அது சாப்பாடு. மாத்திரை வேறை" என்றார்.

அம்மா தலையை ஆட்டினார். வீட்டுக்கு வந்ததும் என்னிடம் திரும்பி, "அவை கடை உள்ளியைப் பற்றிச் சொல்லுகினம். அது சீனாவிலை இருந்து வந்து எத்தினை மாசமோ. எங்கடை மண்ணிலை விளைஞ்ச உள்ளி எண்டால் கதை வேறை" என்றார். அவருடைய மனத்தைத் தேற்றுவதற்காகவே நான் உள்ளி நடுவதற்கு ஒப்புக்கொண்டேன்.

இங்கே சொல்லைப் பற்றி ஒரு சிறு விலகல். தமிழாசிரியன் என்பதால் வாசகர் பொறுக்கவேண்டும். தமிழ்நாட்டார் பூண்டு அல்லது வெள்ளைப்பூண்டு என்பதை நாங்கள் வெறுமனே உள்ளி என்கிறோம். நாகர்கோவிற் பக்கத்திலோ உள்ளி என்றால் சின்ன வெங்காயம். மலையாளத்தாருக்கும் தெலுங்கருக்கும் உள்ளி வெங்காயமே. இதனை அவர்கள் முறையே வெளுத்துள்ளி, வெல்லுல்லி என்பர். கன்னடத்திலும் பெள்ளுள்ளிதான். சிங்களத்திலே சுது லூனு. அதுவும் வெள்ளை வெங்காயம் என்ற பொருளதே. எல்லாரும் "வெள்ளை" என்ற அடையைக் கொடுத்துப் பிரித்தறிய, நாங்கள் மாத்திரம் அடையை உதறிவிட்டுக் குடும்பப் பெயரையே இதற்குக் கொடுத்திருக்கிறோம். வடமொழியில் இதற்கு இரசோனம் என்று ஒரு பெயர். அறுசுவையில் ஒன்று, அதாவது புளிப்பு, குறைந்தது என்பது பொருளாம். அமுதம் உண்ட இராகுவின் தலையைத் திருமால் அரிந்தபோது நிலத்திற் சிந்திய துளியிலே முளைத்தது உள்ளி என்ற கதையும் உண்டு. அமுதமும் அசுரன் வாயும் கலந்தபடியால் மருந்துக்கு உகந்தது, வைதிகர் உணவுக்கு ஆகாதது என்று இரண்டு பக்கமும் பேச அக்கதை இடந்தருகிறது. 1890 ஆம் ஆண்டு ஹமில்டன் பவர் என்ற ஆங்கிலப் படையதிகாரி மத்திய ஆசியாவின் கூச்சா என்னும் இடத்திலே ஒரு பழைய ஏட்டுத் தொகுதியைப் பெற்றார். ஏறத்தாழ 1500 ஆண்டுப் பழைமையான அந்தத் தொகுதியின் முதற் பகுதி உள்ளியின் தோற்றத்தையும் பயனையும் பற்றியதே. ஆகவே அம்மாவுக்கு முன்னோர் துணை நிரம்ப உண்டு.

2022 மார்கழியில், மழை ஓய்ந்ததும், கிணற்றடிக்குக் கிட்ட ஒரு பாத்தி எடுத்தேன். எங்கள் ஊரிலே எல்லாக் கிணறும் ஒன்றல்ல. நல்ல தண்ணீர்க் கிணறுக்கு இருபது பாகம் தள்ளி உவர்க் கிணறு இருக்கும். உள்ளி உப்பைப் பொறுக்காத பயிர். ஆகவே நல்ல தண்ணீர் பாயும் இடமாகப் பார்த்தேன். அம்மா திண்ணையில் இருந்தபடியே கட்டளையிட்டார்: பனையோலையை வெட்டித் தாட்டு, அதன்மேல் ஆட்டெரு, பாத்தி உயரமாக இருக்கவேண்டும், தண்ணீர் தேங்கினால் அழுகிவிடும். வெங்காயச் செய்கையிலே கைதேர்ந்த குடாநாட்டு வேளாண்மை முழுவதும் அவருடைய வாயிலே இருந்தது. கடையில் வாங்கிய உள்ளியிலே பருத்துக் கனத்தவற்றைத் தெரிந்து, வெளிச்சுற்றிலுள்ள பெரிய பற்களை மாத்திரம் கழற்றினேன். தோலை உரிக்கக் கூடாது. கூர்ப்பக்கம் மேலே, தட்டைப்பக்கம் கீழே. இரண்டு விரல் ஆழம், நாலு விரல் இடைவெளி. ஐந்தாம் நாள் முளை கண்டது. தை மாதத்திலே பாத்தி பச்சைப் பட்டு விரித்ததுபோல் இருந்தது. நான் புகைப்படம் எடுத்துக் கல்லூரி நண்பர்களுக்குக் காட்டினேன். கர்வந்தான்.

பங்குனி கடைசியிலே தாள் பழுத்தது. தண்ணீரை நிறுத்திப் பத்து நாளின்பின் அம்மாவை அருகே கதிரையில் இருத்திவிட்டு முதற் பயிரைப் பிடுங்கினேன். அடியிலே புளியங்கொட்டை அளவில் ஓர் உருண்டை. பல்லும் இல்லை, பிரிவும் இல்லை. இரண்டாவதும் அப்படியே. பலவற்றில் அதுவும் இல்லை, வெறுந்தண்டு. நூற்றிருபது பல் நட்டு, இரண்டு கை கொள்ளாத விளைச்சல். நட்டதைவிட எடை குறைவு. அம்மா ஒன்றும் பேசவில்லை. பேசியிருந்தால் நன்றாயிருந்திருக்கும்.

எங்கள் கல்லூரி உயிரியல் ஆசிரியரிடம் அந்த உருண்டைகளைக் கொண்டுபோனேன். அவர் ஒன்றைக் கையில் எடுத்துச் சிரித்தார். "மாஸ்ரர், இது குளிர் காணாத உள்ளி" என்றார். அவர் சொன்னதைச் சுருக்கித் தருகிறேன். உள்ளி மத்திய ஆசியாவிலே தோன்றிய செடி. அங்கே கடுங்குளிர் காலமும், அதன்பின் நெடும்பகற் காலமும் வரும். பல வாரங்கள் குளிர் பட்ட பின்னரே, "இனிப் பல்லாகப் பிரியலாம்" என்ற உத்தரவு அதன் உள்ளே பிறக்கிறது. பிறகு பகல் நீளவேண்டும். சுருவிலிலே மார்கழி இரவுகூடப் பெரும்பாலும் 20 பாகைக்குக் கீழே இறங்குவதில்லை. மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் இடையே எங்களுக்கு ஒரு மணித்தியாலத்துக்குச் சற்று மேலான வித்தியாசமே. ஆகவே செடி தழைக்கும், காத்திருக்கும், உத்தரவு வராது, முதிர்ந்துவிடும். நுவரெலியா கடல் மட்டத்திலிருந்து 1800 மீற்றருக்கு மேலே இருக்கிறது. அதனாலேதான் பாட்டனாரின் சடை மலையிலிருந்து வந்தது. தமிழ்நாட்டிலும் பேர்பெற்ற உள்ளி கொடைக்கானல் மலையினது. 2019 ஆம் ஆண்டு அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. சமவெளியிலே நல்ல உள்ளி விளையும் வட இந்தியப் பகுதிகளும் குளிர்காலம் உடையவையே.

இன்னொரு செய்தியும் சொன்னார். உள்ளி பெரும்பாலும் விதை கொடுப்பதில்லை. மனிதர் ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகப் பல்லைப் பிரித்துப் பிரித்தே நட்டு வருகின்றனர். எகிப்திலே தூதன்காமன் என்ற அரசனுடைய கல்லறையை 1922 இல் திறந்தபோது உள்ளேயிருந்த பொருள்களிலே உள்ளியும் இருந்தது. ஆச்சி பெட்டியில் முடிந்து கொண்டுபோனதைப்போல அவனுக்கும் யாரோ முடிந்து வைத்திருக்கிறார்கள்.

அடுத்த வருடம் அவருடைய யோசனைப்படி பற்களைக் கடதாசிப் பையிலே இட்டுக் குளிர்சாதனப் பெட்டியில் நாற்பத்தைந்து நாள் வைத்து நட்டேன். இம்முறை சில நாலாகவும் ஐந்தாகவும் பிரிந்தன. அளவிலே கடை உள்ளியின் காற்பங்கு, காரத்திலே குறைவில்லை. அம்மா ஒன்றை உரித்து முகர்ந்து பார்த்து, "மணம் இருக்கு" என்றார். அது எனக்குக் கிடைத்த பட்டங்களிலே ஒன்று.

இருந்தாலும் குளிர்ப்பெட்டியை நம்பி உள்ளி விளைவிப்பது எங்களூருக்கு ஏற்ற தொழிலன்று என்பதை நான் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் தாள் இருக்கிறதே, அது வேறு விஷயம். எந்தத் தொட்டியிலும், எந்தப் பழைய வாளியிலும், முளை விட்ட பல்லைக் குத்திவிட்டால் மூன்று வாரத்தில் வெட்டலாம். வெட்ட வெட்டச் சில தடவை தழைக்கும். வெங்காயத் தாளைவிடக் கூர்மையான மணம், பல்லைவிடச் சாந்தம். தேங்காய்ப்பூவுடன் வறையாகச் செய்யலாம், முட்டையிலே போடலாம், ரொட்டி மாவிலே அரிந்து பிசையலாம். குளிர் இல்லாத மண் உள்ளியிடமிருந்து பெறக்கூடியது இதுதான், இதனைத் தாராளமாகத் தருகிறது.

இனிப் பேணுவதைச் சொல்கிறேன். நகரத்துப் பிள்ளைகள் பிழைவிடும் இடம் இது. பொலித்தீன் பையிலே கட்டி அலுமாரியில் வைத்தால் வேர்த்துப் பூஞ்சணம் பிடிக்கும். முழு உள்ளியைக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்தால், நான் மேலே சொன்ன உத்தரவு அங்கே கிடைத்துவிடும்; வெளியே எடுத்ததும் முளைக்கும். காற்றோடும் நிழலும் ஈரமின்மையுமே அதற்கு வேண்டியவை. கடகத்தில் பரப்பி வைக்கலாம், வலைப்பையில் தொங்கவிடலாம். ஐப்பசி கார்த்திகை அடைமழைக் காலத்தில் ஆச்சியைப்போல அடுப்புச் சூடு எட்டும் தூரத்திலே தொங்கவிடுவது இன்னும் நல்லது. வாங்கும்போது அமுக்கிப் பாருங்கள், கல்போல் இருக்கவேண்டும். பஞ்சுபோல் இருந்தால் உள்ளே வற்றிவிட்டது. முளைவிட்ட உள்ளி நஞ்சன்று. நடுவிலுள்ள பச்சைக் குருத்து சற்றுக் கசக்கும், எடுத்தெறிந்துவிட்டுச் சமைக்கலாம். ஊறுகாயிலே உள்ளி நீலமாகவோ பச்சையாகவோ மாறினாலும் பயப்படத் தேவையில்லை. அது புளிப்புடன் நேரும் ஓர் இரசாயன மாற்றம்.

பயப்படவேண்டியது ஒன்று உண்டு. கனடாவிலே வாழும் என் தங்கை, அந்தப் பன்னிரண்டு நாட் குழந்தை, இப்போது தானும் ஒரு பிள்ளைக்குத் தாய். அவளுடைய பிள்ளைப்பேற்றுக்கு அம்மா ஒரு போத்தல் நல்லெண்ணெயிலே உரித்த உள்ளியை ஊறவைத்து, பயணம் போகும் உறவினர் ஒருவரிடம் கொடுத்துவிட ஆயத்தப்படுத்தினார். தங்கை தொலைபேசியிலே பதறிப்போனாள். "அம்மா, அதை மட்டும் அனுப்பாதேங்கோ" என்றாள். 1985 ஆம் ஆண்டு வான்கூவர் நகரத்து உணவகம் ஒன்றிலே, எண்ணெயிலிட்டு வெளியே வைத்திருந்த நறுக்கிய உள்ளியால் 36 பேர் பொட்டுலிசம் என்ற கடுமையான நச்சு நோய்க்கு ஆளானார்கள். காற்றுப்படாத இடத்திலே வளரும் ஒரு நுண்ணங்கி மண்ணிலிருந்து உள்ளியோடு வரும். எண்ணெய் காற்றை அடைத்துவிட, புளிப்பும் உப்பும் இல்லாத அவ்விடத்திலே அது நஞ்சைச் சுரக்கும். மணத்திலோ நிறத்திலோ ஒன்றும் தெரியாது. 1989 இல் நியூயோர்க்கிலும் சிலருக்கு இவ்வாறே நேர, எண்ணெயில் இட்டு விற்கும் உள்ளியிலே அமிலம் சேர்க்கவேண்டும் என்று அமெரிக்க அரசு விதித்தது. எண்ணெயில் இட்ட உள்ளியை அன்றன்றைக்குச் செய்யுங்கள். மிஞ்சினால் குளிர்ப்பெட்டியில் வைத்து இரண்டு மூன்று நாளுக்குள் முடியுங்கள். அடுப்பங்கரைத் தட்டிலே போத்தலை மாதக்கணக்கில் வைக்காதீர்கள். உள்ளியோடு இஞ்சி அரைத்து வைக்கும் இல்லத்தரசிகளும் இதனைக் கவனிக்கவேண்டும். அம்மா போத்தலைத் திரும்ப உள்ளே வைத்துவிட்டு, வறுத்து இடித்த சரக்குத்தூளை மாத்திரம் கொடுத்தனுப்பினார்.

சமையலைப் பற்றிச் சொல்ல நான் அருகதை அற்றவன். என்றாலும் உயிரியல் நண்பர் சொன்னதும் ஆச்சி செய்ததும் ஒத்துப்போகும் ஓர் இடம் இருக்கிறது. அதனை விட மனமில்லை. முழுப் பல்லுக்கு மணம் இல்லை என்பதைக் கவனித்திருப்பீர்கள். தட்டும்போதுதான் அதன் கலங்கள் உடைந்து, வேறு வேறு அறைகளிலே இருந்த இரண்டு பொருள்கள் கலந்து, அல்லிசின் என்ற காரமான பொருள் உண்டாகிறது. 1944 ஆம் ஆண்டு அமெரிக்காவிலே கவலிட்டோ, பெய்லி என்ற இருவர் அதனைப் பிரித்தெடுத்தார்கள். தட்டிய உள்ளியைப் பத்து நிமிடம் அப்படியே விட்டால் அது நன்றாக உண்டாகிவிடும். தட்டியவுடனே கொதியில் போட்டால் சூடு அந்தச் செயலை நிறுத்திவிடும். ஆச்சி மிளகு ரசத்துக்கு உள்ளியை முதலிலே தட்டி ஒரு சிரட்டையால் மூடிவைத்துவிட்டுத்தான் புளி கரைக்கப் போவார். "ஏன் ஆச்சி?" என்றால், "கிடக்கட்டும், கோபம் வரட்டும்" என்பார். மாறாக உள்ளிக் குழம்புக்கு முழுப் பல்லாகவே போட்டு மெல்ல வதக்குவார். கோபம் வராத பல் இனிப்பாகக் கரையும். தாளிதத்திலே வெங்காயம் பாதி வதங்கிய பின்னரே உள்ளியைப் போடவேண்டும் என்பது என் மனைவியின் சேர்க்கை. முதலிற் போட்டால் கருகிக் கசக்கும். பச்சை உள்ளியை அரைத்துத் தோலிலே கட்டுகிறவர்களுக்கும் ஒரு வார்த்தை: அது சுடும். எங்கள் அயலிலே ஒரு பிள்ளையின் காலில் ஆணிக்கு வைத்துக் கட்டிக் கொப்புளம் கண்ட கதை உண்டு.

அம்மா இப்போது மாத்திரையை ஒழுங்காக எடுக்கிறார். எடுக்கிறாரா என்று பார்க்க, டப்பாவை நான் சனிக்கிழமைதோறும் எண்ணுகிறேன். நான் எண்ணுவது அவருக்குத் தெரியும். அவர் அறிவார் என்பது எனக்கும் தெரியும். உள்ளி அவருடைய கறியிலும் ரசத்திலும் இருக்கிறது. விரத நாட்களில் இல்லை.

சென்ற ஆண்டு தங்கை ஒரு படம் அனுப்பியிருந்தாள். ஒன்ராறியோவிலே தன் வீட்டின் பின்புறத்தில் ஐப்பசி மாதம் நட்டு, மாரி முழுவதும் பனியின்கீழ் கிடந்து, ஆடியிலே பிடுங்கிய உள்ளி. ஒவ்வொன்றும் ஒரு தோடம்பழ அளவு. தாளோடு பின்னிச் சடையாக்கிச் சுவரிலே தொங்கவிட்டிருந்தாள். பின்னுவதற்கு அவளுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. பாட்டனாரின் சடையை அவள் கண்டவளும் அல்லள். அம்மா கைபேசியைக் கண்ணுக்கு அருகே பிடித்து நெடுநேரம் பார்த்தார்.

"அங்கை பனி, அதுதான் விளையுது" என்றார், எனக்குப் பாடம் சொல்பவரைப்போல. பிறகு கைபேசியைத் தந்துவிட்டு, "தம்பி, வாளியிலை தாள் வளந்திட்டுது. ஒரு பிடி வெட்டிக்கொண்டு வா, வறை வைப்பம்" என்றார்.